அறுபத்திரெண்டாம் பக்கத்துப் பொண்ணு

இல்லம்மா, அடக்கமெல்லாம் இல்ல. அந்த வார்த்தைய மட்டும் இன்னொரு தடவ என் காதுல போடாத, உனக்குப் புண்ணியமாப் போகும். அது நான் இல்லன்னு சொல்றேன். போராட்டத்துல நின்ன பிள்ளைங்களப் பத்தி நீங்க போட்ட புத்தகத்துல அறுபத்திரெண்டாம் பக்கத்துல மஞ்ச கவுன் போட்டு, ரெண்டு பக்கமும் ரிப்பன் கட்டி, மடியில புத்தகத்த வச்சுக்கிட்டு போலீஸ்காரன மொறச்சுப் பாக்குதே ஒரு பொண்ணு, அதுக்குக் கீழ ஒசெல்லா பிக்கெட், வயசு பன்னெண்டு, ஆர்டன்வில், அலபாமான்னு போட்டிருக்கீங்களே, அது நான் இல்ல. பேரு என்னுது. ஊரு என்னுது. பொறந்த தேதி கூட என்னுதுதான். ஆளு நான் இல்ல. இத இன்னும் எத்தன விதமாத்தான் சொல்றது?

பதினாலு கடுதாசி போட்டேன். முதல் கடுதாசிக்கு உங்க ஆபீஸ்லேர்ந்து பதில் வந்துச்சு, உங்க பணிவு எங்க எல்லாரையும் கண்கலங்க வச்சிருச்சுன்னு. ரெண்டாவதுக்கு ஒரு துணிப்பையும் ஒரு காபிக் குவளையும் வந்துச்சு. குவளையில அந்த மஞ்ச கவுன் பொண்ணு. அதுல நான் தெனம் காலைல காபி குடிக்கணுமாம். மூணாவதுலேர்ந்து பதிலே இல்ல. பதினாலாவதுல, வக்கீலப் பாக்கப் போறேன்னு ஒரு வரி சேத்தேன் பாரு, உடனே உன்ன ப்ளேன் ஏத்தி அனுப்பிட்டாங்க. வக்கீலும் இல்ல, ஒருத்தரும் இல்ல. எங்க ஊர்ல இருக்கிறது ஒரே வக்கீல், அவன் மீன் பிடிக்கப் போனான்னா திரும்பி வர்ற நாள் அவன் பொண்டாட்டிக்கே தெரியாது. சும்மா எழுதிப் பாத்தேன்.

சரி, பேசுறதப் பதிவு பண்ற அந்த மிஷின மேசை மேல வச்சுக்கோ. எனக்கொண்ணும் இல்ல. டீயில இனிப்பு ஜாஸ்தியா? எங்க பக்கம் இப்படித்தான்மா போடுவோம்.

இந்த ஒரு வருஷமா நான் படுற பாடு உனக்குத் தெரியாது. லைப்ரரிச் சுவர்ல ஆளுயரத்துக்கு என் பேரு. அந்தப் பொண்ணு போலீஸ்காரன்கிட்ட சொன்ன இன்னும் நாலு பக்கம் இருக்குங்கிறதப் பெரிய எழுத்துல எழுதி, அதுக்கடியில ஒசெல்லா பிக்கெட்னு. நான் கோழிக்கறி வாங்கக் கடைக்குப் போகணும்னா அந்தச் சுவரத் தாண்டித்தான் போகணும். இப்பல்லாம் சுத்திப் போறேன், முட்டி வலியோட. மேயர் வந்து மாலை மாதிரி ஒரு பட்டைய மாட்டி விட்டு, இன்னிக்கு ஒசெல்லா பிக்கெட் நாள்னு அறிவிச்சாரு. மைக்க வாங்கி, அய்யா அது நான் இல்லன்னேன். ஊரே எந்திரிச்சு நின்னு கை தட்டுச்சு. எங்க பாஸ்டர் அதுக்கடுத்த ஞாயித்துக்கிழமை தாழ்மையப் பத்தி ஒரு மணி நேரம் பிரசங்கம் பண்ணாரு, என்னைய முன் வரிசையில ஒக்கார வச்சுக்கிட்டு. நான் இல்ல இல்லங்கிறேன், இவங்க ஆமா ஆமாங்கிறாங்க. நான் மறுக்க மறுக்க அவங்களுக்கு நான் ஒசந்துக்கிட்டே போறேன். எரிச்சலா வராதா சொல்லு.

பள்ளிக்கூடத்துக்குக் கூப்ட்டாங்க. நாலாங்கிளாஸ். ஒரு பொண்ணு கையத் தூக்கி, உங்களுக்கு பயமா இல்லையான்னு கேட்டுச்சு. பயந்தேன் கண்ணு, பயத்துல போகவே இல்ல, வயித்து வலின்னு சொல்லிட்டு போர்வைய இழுத்து மூடிப் படுத்துக்கிட்டேன்னு சொன்னேன். கிளாஸே விழுந்து விழுந்து சிரிச்சுது. டீச்சர் கண்ணத் தொடச்சுக்கிட்டு, பாத்தீங்களா பிள்ளைங்களா, உண்மையான வீரருங்க இப்படித்தான் பேசுவாங்கன்னுச்சு. அந்த டீச்சர் தலையில நாலு தட்டு தட்டினா என்னன்னு தோணுச்சு. நான் சொன்னது சத்தியமான வார்த்தை, அதத் தமாஷாக்கிட்டாங்க.

எல்லாத்துக்கும் மேல, நானா நாலு பக்கம் பாக்கி இருக்குன்னு சொல்ற ஆளு? நான் நாலு பக்கம் படிச்சா தூங்கிருவேன். எங்க வகுப்புல எந்தப் புத்தகத்தையும் கடைசி வரைக்கும் படிச்சு முடிக்காத ஒரே ஆளு நான்தான். அத ஒரு தகுதியாவாவது எடுத்துக்கிட்டு என்னைய உங்க புத்தகத்துலேர்ந்து தள்ளியிருக்கலாம்.

அவ பேரு க்ளெமி. க்ளெமி வாட்லி. ம், எழுதிக்கோ. இந்தப் பேர பதினாலு கடுதாசியிலயும் எழுதியிருக்கேன், ஆனாலும் எழுதிக்கோ.

அறுபத்தி மூணாம் வருஷம், மே மாசம். பெரிய ஊர்ல எங்க கறுப்புப் பிள்ளைங்க சம உரிமை கேட்டுத் தெருவுல எறங்கினத ரேடியோல கேட்டுட்டு எங்க பள்ளிக்கூடத்துப் பெரிய பசங்களும் திட்டம் போட்டாங்க. வெள்ளிக்கிழமை பத்து மணி பெல் அடிச்சதும் எல்லாரும் எந்திரிச்சு வெளிய வந்துடணும். நேரா டவுன் லைப்ரரி. அப்பல்லாம் அது வெள்ளக்காரங்களுக்கு மட்டும்தான். எங்களுக்கு எங்க சர்ச் சபைக்குப் பின்னால ஒரு ரூம், ரெண்டு அலமாரி, அவங்க படிச்சுக் கிழிச்சுத் தள்ளினது. அதனால உள்ள போகணும், ஆளுக்கு ஒரு புத்தகம் எடுக்கணும், ஒக்காந்து படிக்கணும், அவ்வளவுதான். சண்டையில்ல, சத்தமில்ல. படிக்கிறதுதான் குத்தம். முப்பத்தோரு பிள்ளைங்க போச்சு. அந்த முப்பத்தோரு பேர்ல நான் இல்ல.

போலீஸ் வந்து எந்திரின்னதும் முப்பது பேர் எந்திரிச்சாங்க. பயம் இருக்காதா, குழந்தைங்கதானே. க்ளெமி மட்டும் தலையத் தூக்காம, இன்னும் நாலு பக்கம் இருக்கு சார்ன்னாளாம். எதுத்துப் பேசணும்னு சொல்லலம்மா அவ. நெசமாவே நாலு பக்கம் இருந்துச்சு. அவ அப்படித்தான். கை கழுவச் சொன்னாக் கூட அத்தியாயத்த முடிச்சுட்டுத்தான் வருவா. கடைசியில நாற்காலியோட தூக்கிட்டுப் போனாங்க. போட்டோ எடுத்த ஆளோட கேமராவ அங்கயே போட்டு ஒடச்சுட்டாங்க, அதனாலதான் நீங்க இஷ்டத்துக்கு மஞ்ச கவுன் வரைஞ்சிருக்கீங்க. மஞ்ச கவுனெல்லாம் கிடையாது. அவ அக்காவோட பழைய பாவாடை, இடுப்புல ஊக்கு குத்தினது. ஊருக்கு வெளிய பருத்திக் கிடங்குல அடைச்சாங்க. ஒம்பது நாள். முப்பத்தோரு பிள்ளைங்களுக்கு ரெண்டே வாளி, அவ்வளவுதான் கக்கூஸு. அதுல ஒரு நாள் கூட நான் இருந்ததில்ல.

ஆமாம்மா, போலீஸ் ரிஜிஸ்தர்ல என் பேருதான் இருக்கு. நீ கொண்டாந்திருக்கிற காகிதத்த நானும் பாத்திருக்கேன். ஏன்னு சொல்றேன் கேளு. அப்பல்லாம் பிடிச்ச பிள்ளைங்க பேர ஊர்ப் பேப்பர்ல போட்டுருவாங்க. பேரு, அப்பா அம்மா பேரு, எந்தத் தெரு, பெத்தவங்க யாருகிட்ட வேலை பாக்குறாங்கங்கிறது வரைக்கும். எதுக்குப் போடுறாங்கன்னு எல்லாருக்கும் தெரியும். பேப்பர் வந்த மறுநாள் பெத்தவங்க வேலை போயிரும், அந்த வீட்ல அடுப்பு எரியாது. க்ளெமியோட அப்பா மர மில்லுல வேலை. குடியிருந்த வீடும் மில்லுக்காரனோட வீடு. ஏழு பிள்ளைங்க. அவ பேரு பேப்பர்ல வந்துச்சுன்னா ஏழும் தெருவுலதான் படுக்கணும். அதனால நெறைய பிள்ளைங்க பொய்ப் பேரு குடுத்துச்சுங்க. ஒருத்தன் மாவு மூட்டையில அச்சடிச்சிருந்த கம்பெனிக்காரன் பேரக் குடுத்து கன்னத்துல வாங்கினான். போலீஸ்காரன் என்ன முட்டாளா? பள்ளிக்கூட ரிஜிஸ்தர எடுத்து வச்சுக்கிட்டு ஒத்துப் பாத்தான். அதனால பேரு வேணும்னா நெசமான பேரா வேணும், ரிஜிஸ்தர்ல இருக்கிற பிள்ளையா இருக்கணும். அப்படித்தான் என் பேரக் குடுத்தா.

என் பேரு ஏன்னா? பக்கத்துப் பக்கத்துத் தெரு. ஒரே பெஞ்சு. வேற யாரு பேரக் குடுப்பா?

பெர்மீலியாவா? அட, அது வந்து... எங்கப்பாவோட அத்தை பேரு. எனக்கு நடுவுல வச்சுட்டாங்க. ஆமா, பள்ளிக்கூடத்துல யாருக்கும் தெரியாது, தெரிஞ்சா ஓட்டியே கொன்னுருப்பாங்க. ஆமாம்மா, போலீஸ் ரிஜிஸ்தர்ல அது இருக்குங்கிறதத்தான் உங்க ஆபீஸ்ல பெரிய அத்தாட்சியா வச்சிருக்கீங்க. பெர்மீலியான்னு வேற யாருக்குத் தெரியும், அதனால அது இந்தம்மாதான்னு. சின்னப் பிள்ளைங்க ஒண்ணுமண்ணா இருக்கறப்போ எல்லாத்தையும் தெரிஞ்சு வச்சிருக்கும். அத விடு. நான் சொல்ல வந்தது வேற.

நான் சொல்ல வந்தது என்னன்னா, அவ உயிரோட இருக்கா. செத்துப் போன ஆளப் பத்தி நான் பேசல. ரயில் பாதைக்கு அந்தப் பக்கம் ரெண்டாவது வீடு. முப்பத்தோரு வருஷம் பள்ளிக்கூட பஸ் ஓட்டினா. இந்த ஊர்ல பாதிப் பேரு சின்ன வயசுல அவ பஸ்ல போனவங்கதான், அவங்க யாருக்கும் இது தெரியாது. இப்ப கிட்னி ரெண்டும் போயிடுச்சு. வாரத்துல மூணு நாள் டயாலிசிஸ். போன மாசத்துக்கு இந்த மாசம் பாதியாயிட்டா. உங்க ரெண்டாவது பதிப்பு வர்ற வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகுதுன்ற. அத விட்டா அடுத்தது எப்போ? ரெண்டு வருஷம் கழிச்சா? அவளுக்கு ரெண்டு வருஷம் இல்லம்மா. அவ பேரு அச்சுல வந்தத அவ கண்ணால பாக்கணும். எனக்கு வேண்டியது அது ஒண்ணுதான்.

தெரியும். நீ அவளுக்கு ஃபோன் பண்ணினதும் தெரியும், அவ என்ன சொன்னான்னும் தெரியும். நான் போகவே இல்ல, ஒசெல்லாதான் போனான்னு சொன்னாளாக்கும். பொய்யி. பச்சப் பொய்யி. வாழ்க்கையில பொய் சொல்லத் தெரியாத பொம்பள, இது ஒண்ண மட்டும் மனப்பாடமா வச்சிருக்கா. நான் அடிச்சுக்கிட்டு அழுறேன் அவளுக்காக, அவ அங்க படுத்துக்கிட்டு என் தலையில கிரீடத்தத் தூக்கி வைக்கிறா. பிடிவாதம்னா அப்படி ஒரு பிடிவாதம். கோவம் வருதா, அழுக வருதான்னே தெரியல எனக்கு.

மத்தவங்களா? முப்பத்தோரு பேர்ல இப்ப இருக்கிறது ஆறோ ஏழோ. ரெண்டு பேருக்கு அவங்க பேரே ஞாபகமில்ல. டெட்ராய்ட்ல லூதர்னு ஒருத்தன் இருக்கான், மாவு மூட்டைக்காரன், அவன்தான். ஃபோன் போட்டேன். அவனுக்கு எல்லாம் ஞாபகம் இருக்கு. ஆமா, க்ளெமிதான் இருந்தான்னான். அப்ப ஒரு கையெழுத்துப் போட்டுக் குடுறா லூதர்னேன். மாட்டேன்னுட்டான். அவ உன் பேரத் திருடி உங்கம்மா வயித்துல அடிச்சா, உங்க குடும்பம்தான் பட்டுச்சு, அந்தப் பேரு உனக்கே இருக்கட்டும், அதுதான் நியாயம்னான். வச்சுட்டான் ஃபோன. விஷயம் தெரிஞ்சவன் அத்தன பேரும் இப்படித்தான். தெரியாதவன் கை தட்டுறான், தெரிஞ்சவன் கையெழுத்துப் போட மாட்டேங்கிறான்.

என்னது அது? உன் ஃபோன்லயா? தள்ளிப் பிடி, கண்ணாடி எடுத்துக்கிறேன்.

இது எங்க சபைக் குறிப்புப் புத்தகம். இது உனக்கு எங்க கிடைச்சுது? பாஸ்டர் குடுத்தாரா? காலைலயே போயிட்டு வந்துட்டியா, கெட்டிக்காரிதான். அறுபது வருஷமா இது எந்தப் பீரோவுல கெடந்துச்சோ. நான் எரிஞ்சு போச்சுன்னு நெனச்சுக்கிட்டு இருந்தேன்.

படிக்க வேண்டாம், எனக்குத் தெரியும். வாட்லி வீட்டு மகள் க்ளெமி, வயது பன்னிரண்டு, சபைக்கு முன்னால் எழுந்து நின்று, சகோதரி பிக்கெட்டின் மகளுடைய பேரைக் கேட்காமல் எடுத்துக்கொண்டதாக ஒப்புக்கொண்டு மன்னிப்புக் கேட்டாள். அவ்வளவுதானே? எனக்கு இது தலைகீழாத் தெரியும். நான் அன்னிக்கு அங்க இருந்தேன்.

இது போதுமா உங்களுக்கு? இத வச்சு பேர மாத்திருவீங்களா? பாரு, ஒரு வருஷமா நான் கரடியாக் கத்தினேன், இந்த ஒரு பக்கம் முடிச்சிருச்சு. சரி. மாத்துங்க. எப்படி மாத்தப் போறீங்க, எழுதிட்டீங்களா? படி பாப்போம்.

திரும்பப் படி.

தன் அப்பாவைக் காப்பாற்றுவதற்காகச் சிநேகிதியின் பேரைத் திருடிக்கொண்டு. அப்படியா எழுதியிருக்க? வேண்டாம். அந்த வார்த்தைய எடுத்துரு. எடுத்துருன்னா எடுத்துரு. இதுக்கா நான் பதினாலு கடுதாசி போட்டேன்? இத்தன நாள் அந்த லைப்ரரியில அவ பேரே இல்லாம இருந்துச்சு. இனிமே நாலாங்கிளாஸ் பிள்ளைங்க அவளத் திருடின்னு படிக்கணுமா? அதுக்கு என் பேரே இருந்துட்டுப் போகலாம்.

சபைப் புத்தகத்துல இருக்கு, அவளே ஒத்துக்கிட்டா, சரி. அவ ஒத்துக்கிட்டது எப்படின்னு உனக்குத் தெரியுமா?

எங்கம்மா தாக்ஸ்டன் வீட்ல சமையல் வேலை. பதினோரு வருஷம். அந்த வீட்டம்மாவுக்கு எங்கம்மான்னா உசுரு, அப்படித்தான் நாங்க நெனச்சுக்கிட்டு இருந்தோம். அவங்க பொண்ணோட பழைய ஷூ, கோட்டு எல்லாம் எனக்குத்தான் வரும். வெள்ளிக்கிழமை பிள்ளைங்களப் பிடிச்சாங்க, சனிக்கிழமை பேப்பர் வந்துச்சு. ஒசெல்லா பெர்மீலியா பிக்கெட், தாயார் தாக்ஸ்டன் வீட்டில் சமையல் வேலை. திங்கக்கிழமை அம்மா போனதும் பின்வாசல்லயே நிறுத்தி, ஏப்ரனக் கழட்டி வச்சுட்டுப் போன்னாங்க. அம்மா கெஞ்சுச்சு. என் பொண்ணு வயித்து வலின்னு வீட்லதான் படுத்திருந்தா, என் கண்ணு முன்னாடி இருந்தா, வந்து பாருங்கன்னுச்சு. அந்தம்மா சொன்னாங்களாம், பேப்பர்ல போட்டிருக்காங்களேன்னு. நேர்ல இருக்கிற பிள்ளைய விட பேப்பர்ல இருக்கிற பேரு பெருசாப் போச்சு. உங்க ஆபீஸ் மாதிரிதான். கோச்சுக்காத, சொல்லணும்னு தோணுச்சு, சொல்லிட்டேன்.

அம்மா நேரா பருத்திக் கிடங்குக்குப் போச்சு, என் பேர்ல எவ உள்ள இருக்கான்னு பாக்க. காவல்காரன் பிக்கெட்னு கூப்புட்டான். க்ளெமி வந்து கம்பி வேலிகிட்ட நின்னா. அம்மா கையில இருந்த சோள ரொட்டிய கம்பி வழியா உள்ள தள்ளிட்டு வந்துருச்சு. அதான் எங்கம்மா. ஆனா அதுக்கப்புறம் சாகுற வரைக்கும் அவ மொகத்தப் பாக்கல. எங்க ஊர்ல ஒரு வீட்லயும் வேலை கெடைக்கல. இருபது மைல் தள்ளி கோழி வெட்டுற கம்பெனியில பத்தொம்பது வருஷம் நின்னுச்சு. அந்தக் குளிருல நின்னு நின்னு வெரலெல்லாம் மடக்க முடியாமப் போச்சு. கடைசி காலத்துல பட்டன் போட்டு விடுறது நான்தான். க்ளெமி ரோட்டுல பஸ் ஓட்டிக்கிட்டுப் போனா அம்மா நாற்காலியத் திருப்பிப் போட்டுக்கும்.

ஒம்பதாவது நாளு, சனிக்கிழமை சாயங்காலம் பிள்ளைங்கள விட்டாங்க. மறுநாள் காலைல க்ளெமிய அவங்கப்பா சபைக்குக் கூட்டிட்டு வந்தாரு. முதுகுல அவரு அடிச்ச பெல்ட்டுத் தழும்பு, ஒழுங்கா ஒக்கார முடியல அவளால. பாட்டெல்லாம் முடிஞ்சதும் எந்திரிக்கச் சொன்னாங்க. எந்திரிச்சா. எங்கம்மாவப் பாத்து, நான் ஒசெல்லாவக் கேக்காம அவ பேர எடுத்துக்கிட்டேன், என்னைய மன்னிச்சிருங்கன்னா. கொரல் நடுங்கவே இல்ல. போலீஸ்காரன்கிட்ட பேசின அதே கொரல். நான் எங்கம்மா பக்கத்துல ஒக்காந்திருந்தேன். மத்த முப்பது பிள்ளைங்களையும் அன்னிக்கு மேடையில ஏத்தி ஊரே ஜெபம் பண்ணுச்சு. அவள மட்டும் கடைசி பெஞ்சுல ஒக்கார வச்சாங்க. நாற்காலியோட தூக்கிட்டுப் போனாங்களே, அவள.

அதான் சொல்றேன், திருடினான்னு எழுதாதன்னு.

சபையில பொய் சொல்லுவாளான்னா? சொன்னா. அவ சொன்னது பொய்யி. கேக்காம எடுத்துக்கிட்டேன்னாளே, அது பொய்யி. அவ எடுக்கல. நான்தான் குடுத்தேன்.

ஏம்மா அப்படிப் பாக்குற? பெர்மீலியாங்கிறது அவளுக்கு எப்படித் தெரியும்னு வந்ததுலேர்ந்து மூணு தடவ கேட்டுட்ட. நான்தான் சொன்னேன். வியாழக்கிழமை சாயங்காலம், எங்க வீட்டுப் பின்னால துணிக்கொடிகிட்ட நின்னுக்கிட்டு. நாளைக்கு வர்றியான்னு கேக்க வந்தா. நான் வரலன்னேன். பயம். அம்மா தடுத்துச்சு அது இதுன்னு ஒண்ணும் கிடையாது, அம்மாவுக்கு விஷயமே தெரியாது. எனக்கே பயம். அவ சரின்னுட்டு அங்கயே நின்னா. அப்பாவுக்கு வேலை போயிருமேன்னா. அப்பத்தான் சொன்னேன், என் பேரச் சொல்லிக்கோன்னு. தாக்ஸ்டன் அம்மாவுக்கு எங்கம்மான்னா உசுரு, ஒண்ணும் பண்ண மாட்டாங்க. போலீஸ் வந்தாலும் நான் வீட்ல இருப்பேன், மொகத்தக் காட்டுனா அவங்க தப்புன்னு ஆயிரும்னு. பன்னெண்டு வயசு மூளை. நான்தான் போகல, என் பேராவது போகட்டும்னு நெனச்சேன். அவளுக்குச் சரியாச் சொல்ல வரணுமேன்னு முழுப் பேரு, பொறந்த தேதி, தெரு, அம்மா வேலை பாக்குற எடம் எல்லாத்தையும் மூணு தடவ ஒப்பிக்க வச்சேன். தேதியில தடுமாறினா. திட்டினேன் அவள.

அம்மா கிடங்குலேர்ந்து வந்து, அவ எதுக்குடி உன் பேரக் குடுத்தான்னு கேட்டப்போ, தெரியாதும்மான்னு சொன்னேன். அவ்வளவுதான் நான் செஞ்சது. ஒத்த வார்த்தை. சனிக்கிழமை அவள விட்டதும் கிடங்கு வேலிகிட்ட ஓடிப் போயி, நான் குடுத்தேன்னு யாருகிட்டயும் சொல்லிராத, அம்மா செத்துப் போயிரும்னேன். சொல்ல மாட்டேன்னா. மறுநாள்தான் சபையில எந்திரிச்சு நின்னா.

அம்மா எண்பத்தெட்டாம் வருஷம் போயிருச்சு. அதுக்கப்புறமாவது நான் சொல்லியிருக்கலாம். சொல்லல. க்ளெமிதான் போனான்னு மட்டும் சொல்லிக்கிட்டுத் திரிஞ்சேன், இத முழுங்கிக்கிட்டு. பதினாலு கடுதாசியிலயும் இது இல்ல. இப்பத்தான் முதல் தடவையா வாயத் தொறந்து சொல்றேன், அதுவும் நேத்து வரைக்கும் மூஞ்சி தெரியாத உன்கிட்ட.

நீ ஃபோன் பண்ணி அவ பொய் சொன்னது தெரிஞ்சதும் நேரா ஆஸ்பத்திரிக்குப் போயி சண்டை போட்டேன், கையில குழாயோட படுத்திருக்கிறவகிட்ட. ஏண்டி போகலன்னு சொன்ன, உனக்கென்ன பைத்தியமான்னு. நர்ஸு வந்து என்னைய அதட்டிட்டுப் போனா. க்ளெமி கண்ணத் தொறந்து பாத்துட்டுச் சொன்னா, போனேன்னு சொன்னா உன் பேரு எப்படி வந்துச்சுன்னு கேப்பாங்க, ஒசெல்லா. நீதானே சொல்லாதன்ன. இன்னும் நீ சொல்லலாம்னு சொல்லலையேன்னா.

நான் என்ன சொன்னேன்னா? கம்பளிய இழுத்து விட்டுட்டு வந்துட்டேன்.

உன் கார் வாசல்லதானே நிக்குது? அந்த மிஷின அணைக்காத, கையிலயே வச்சுக்கோ. இன்னிக்கு அவளுக்கு டயாலிசிஸ் கிடையாது, வீட்லதான் இருப்பா. எந்திரி, போயி அவகிட்ட சொல்லணும், இனிமே சொல்லலாம்னு.